பெட்ரோல் இல்லாத நாளில் உன் அப்பா

கண்ணு, உட்கார்ந்து படி. ஷிப்டுக்குக் கிளம்புகிற அவசரத்தில் பிரித்திருந்தால் மடித்துப் பையில் வைத்துக்கொள், சாயந்திரம் ரூமுக்கு வந்து படிக்கலாம். வாட்ஸப்பில் பேசி அனுப்பியிருக்கலாமே என்று கேட்பாய். பேசினால் பாதியில் அழுதுவிடுவேன். நீயோ எதையும் இரண்டு மடங்கு வேகத்தில் ஓடவிட்டுக் கேட்கிற ஆள். அந்த வேகத்தில் என் அழுகை உனக்குச் சிரிப்பாகத்தான் இருக்கும். அதனால் மதகடிப்பட்டுக் கடையில் ஒரு நோட்டு வாங்கி, மூன்று நாளாகப் பெட்ரோல் பங்க்கில் வண்டி வராத நேரம் பார்த்து இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். ஒரு பக்கத்தில் விரல் ரேகை கறுப்பாக விழுந்திருக்கும், மன்னித்துக்கொள்.

போன வாரம் நீ போனில் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் அப்பாவிடம் சொன்னேன். ரேவதியைப் பிடித்திருக்கிறது, ஆனால் கல்யாணம் வேண்டாம், தை மாசத்துக்கு மண்டபம் பார்க்க வேண்டாம். ஏனென்றால் உலகத்தில் கச்சா எண்ணெய் வற்றிக்கொண்டு வருகிறது, இன்னும் இருபது முப்பது வருஷத்தில் லாரி ஓடாது, பாக்டரி ஓடாது, உரமும் மருந்தும்கூட ஊருக்கு வந்து சேராது, அப்படிப்பட்ட காலத்துக்குள் ஒரு பெண்ணையும் பிள்ளையையும் இழுத்துக்கொண்டு போக உனக்கு மனசில்லை. சரியாகத்தானே சொன்னேன்? நீ அனுப்பிய படத்தையும் காட்டினேன். ஒரு கோடு சரசரவென்று ஏறி, உச்சிக்குப் போய், மறுபக்கம் சரிகிறதே, அதுதான். அவர் போனை அப்படியும் இப்படியும் திருப்பிப் பார்த்துவிட்டு, “இன்னாது இது, செஞ்சி மலையாட்டம் கீது” என்றார். விளக்கிச் சொன்னேன். போனை என்னிடம் திருப்பிக் கொடுத்தார். பிறகு, “பெட்ரோலு தீந்துட்டா கல்யாணம் பண்ணக் கூடாதா? நம்ம கல்யாணத்துக்குப் பொண்ணு மாப்ள ஊர்வலமே மாட்டு வண்டியிலதான போச்சு” என்றார். நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டார்.

எண்ணெய் தீராது என்று உன்னோடு சண்டை போட நான் எழுதவில்லை. அதெல்லாம் தீரும். இருபத்தைந்து வருஷமாகப் பெட்ரோல் போடுகிறவளுக்கு அது தெரியாதா? தினமும் காலையில் ஷிப்டு ஏறியதும் முதல் வேலை, தரைக்கு அடியில் இருக்கிற தொட்டியில் நீளமான அளவுக் கம்பியை விட்டு எடுத்து, எதுவரைக்கும் நனைந்திருக்கிறது என்று பார்ப்பது. நேற்றைவிட இன்றைக்குக் கீழேதான் இருக்கும். லாரி வந்தால் ஏறும், வராவிட்டால் இறங்கும். நம் தொட்டிக்கு லாரி வருகிறது, பூமிக்கு எந்த லாரி வரும் என்று நீ ஒரு நாள் கேட்டாய். பங்க்கில் ஓர் ஓரமாக மின்சார வண்டிக்குச் சார்ஜ் போடுகிற எந்திரம் வைத்துவிட்டார்கள். அதன் பக்கத்தில் ஆளே வேண்டாம், வந்தவர்களே செருகிவிட்டு டீ குடிக்கப் போகிறார்கள். நம் மாநிலத்தில் வரி குறைவு, விலையும் குறைவு என்றுதான் பக்கத்து மாநிலத்து வண்டியெல்லாம் எல்லை தாண்டி நம்மிடம் வந்து நிற்கிறது. அந்த விலை வித்தியாசம் போனால் இந்த ரோட்டில் இத்தனை பங்க்குக்கு வேலையே இல்லை. என் வேலை எனக்குப் பின்னால் யாருக்கும் இருக்காது என்று எனக்குத் தெரியும். இருந்தும் காலையில் தலை வாரிக்கொண்டு போகிறேன்.

நீ பார்க்காத ஒன்றைச் சொல்கிறேன். நீ பத்தாவது படிக்கும்போது பெரிய புயல் அடித்ததே, வீட்டில் கரண்ட் இல்லை, படிப்பு கெடும் என்று உன்னை விழுப்புரத்துக்கு மாமா வீட்டுக்கு அனுப்பினோம். நீ போன மறுநாள் பங்க்கில் கூட்டம் ரோட்டை அடைத்து நின்றது. தொட்டியில் கொஞ்சம் பெட்ரோல் இருக்கிறது, மேலே எடுக்கக் கரண்ட் இல்லை. ஜெனரேட்டர் தண்ணீரில் மூழ்கிவிட்டது. பழைய பம்ப் ஒன்றில் கையால் சுற்றுகிற மாதிரி ஒரு பிடி உண்டு, அதைப் போட்டுச் சுற்றினால் சொட்டுச் சொட்டாக வரும். மேனேஜர் நான்கு சுற்றுச் சுற்றிவிட்டுத் தோளைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். அப்போது உன் அப்பா மொபெட்டைத் தள்ளிக்கொண்டு வந்தார். பால் சொசைட்டிக்குப் போக அவருக்கும் பெட்ரோல் வேண்டும். கூட்டத்தைப் பார்த்தார், வண்டியை ஸ்டாண்டு போட்டார், சட்டையைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டுப் பிடியைப் பிடித்தார்.

மூன்று நாள் சுற்றினார், கண்ணு. விடிந்ததும் வருவார், பொழுது சாயும்போது நிறுத்துவார். ஆளுக்கு ஒரு லிட்டர். இரண்டு பேர் ஒருவர் சட்டையை ஒருவர் பிடித்துக்கொண்டார்கள், கெட்ட வார்த்தை எல்லாம் வந்தது, நல்லவர்கள் மட்டும் வரிசையில் நின்றார்கள் என்று நான் சொல்ல மாட்டேன். “இன்னாத்துக்குடா அடிச்சிக்கினு சாவறீங்க, கையி என்னுது, நான் நிறுத்திட்டா நீங்க இன்னா பண்ணுவீங்க” என்று ஒரு சத்தம் போட்டார். அடங்கினார்கள். பிரசவ வலியோடு ஒரு பெண்ணை ஆட்டோவில் கொண்டு வந்தபோது மட்டும் கூட்டம் தானாக வழிவிட்டது. சொசைட்டியில் பாலைக் குளிர்விக்க வழியில்லாமல் வாங்க மாட்டோம் என்றார்கள். அப்பா பாலைக் காய்ச்சி, கைக்குழந்தை இருக்கிற வீடாகப் பார்த்துக் கொடுத்துவிட்டு வந்தார். மூன்றாம் நாள் ராத்திரி அவர் உள்ளங்கையில் தோல் உரிந்திருந்தது. நான்தான் சோறு ஊட்டிவிட்டேன். உன்னிடம் இதை ஏன் அப்போதே சொல்லவில்லை என்று கேட்டால், சொல்லிக்கொள்கிற விஷயமாக எங்கள் இரண்டு பேருக்கும் தோன்றவில்லை.

சரி, சுற்றி வளைத்தது போதும். செவ்வாய்க்கிழமை ரேவதி பங்க்குக்கு வந்தாள். வில்லியனூரில் அவளுக்கு டீச்சர் வேலை, வீடு பாகூரில். மதகடிப்பட்டில் அவளுக்கு என்ன வேலை? ஸ்கூட்டியில் பெட்ரோல் முக்கால் டேங்குக்கு மேல் இருந்தது. போடுகிற மாதிரி வந்து நின்றாள். ஹெல்மெட்டைக் கழற்றினதும் முகத்தைப் பார்த்தேன், அழுதுவிட்டுத்தான் வந்திருக்கிறாள். கூட இருந்த பிள்ளையிடம் பம்ப்பை விட்டுவிட்டு அவளைக் காற்றடிக்கிற இடத்துக்கு அழைத்துக்கொண்டு போனேன். வேப்பமரத்தடியில் நின்று பேசினோம்.

“பெட்ரோல் தீந்துபோவும்னு சொல்றாரு அத்த. அதுக்கு நான் ஒண்ணும் சொல்லல. எனக்கும் பயமாத்தான் இருக்கு. அதுக்கு அடியில இன்னொண்ணு சொன்னாரு, அதான் என்னால தாங்க முடியல” என்றாள்.

“இன்னா சொன்னான்?”

நீ சொன்னதை அப்படியே சொன்னாள். “கஷ்ட காலம் வந்தா நானும் எங்க அப்பா மாதிரிதான் ஆவேன். அவரு ஒரு பாட்டில் பெட்ரோலைப் பதுக்கி வெச்சிக்கினு, பெத்த புள்ள எடுத்துக் குடிக்கிற எடத்துல வெச்சாரு. அந்த ரத்தம்தான் எனக்கும். எனக்குப் புள்ள வேணாம்.”

அவள் சொல்லி முடிக்கும்போது மேனேஜர் கூப்பிடுகிறார், நான் திரும்பவில்லை. எண்ணெய், உலகம், இருபது வருஷம் என்று நீ சொன்னதெல்லாம் மேலே இருக்கிற பேச்சு, அடியில் இருக்கிறது இதுதான் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இருபத்து நான்கு வருஷமாக நான் வாயைத் திறக்காததற்கான விலையை நீயும் அந்தப் பெண்ணும் கொடுக்கப் போகிறீர்கள் என்பதும் புரிந்தது.

அந்தப் பாட்டிலை அங்கே வைத்தது உன் அப்பா இல்லை. நான்.

முழுசாகச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் மறுபடி பயந்து நிறுத்திவிடுவேன். உனக்கு ஐந்து வயசு. நான் பங்க்கில் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அப்போதெல்லாம் பொம்பளை நின்று பெட்ரோல் போடுவது புதுசு, வேடிக்கை பார்ப்பதற்கென்றே வண்டியை நிறுத்துவார்கள். அப்பா வீட்டு ஆட்களுக்கு அடியோடு பிடிக்கவில்லை. “ரோட்டுல நிக்க வெச்சிட்டான் பொண்டாட்டிய” என்று உன் அத்தை, அப்பாவின் அக்கா, வாசலில் வந்து நின்று கத்தினார்கள். அவர்தான், “அவ சம்பாரிக்கறா, நீ இன்னாக்கா பேசற” என்று சொல்லி என்னை அனுப்பினார். அந்த நேரத்தில் டேங்கர் லாரிக்காரர்கள் வேலைநிறுத்தம் செய்யப் போகிறார்கள், ஒரு மாசத்துக்கு லாரியே வராது என்று பங்க்கில் ஒரு பேச்சு கிளம்பியது. எங்களுக்குத்தான் முதலில் தெரியும், ஊருக்கு நாளைக்குத்தான் தெரியும். அப்பாவின் மொபெட் நின்றால் பத்து வீட்டுப் பால் சொசைட்டிக்குப் போகாது. பால் போகாவிட்டால் நமக்குச் சோறு இல்லை. பக்கத்துக் கடையில் கூல்டிரிங்க்ஸ் காலிப் பாட்டில் ஆறு வாங்கினேன். காசு கொடுத்துத்தான் பெட்ரோல் பிடித்தேன், திருடவில்லை. ஆனால் பாட்டிலில் பிடிக்கக் கூடாது என்று எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். முந்தானைக்குள் மூடிப் பையில் வைத்துக்கொண்டு வந்து, யார் கண்ணிலும் படக் கூடாது என்று அரிசிக் குதிருக்குப் பின்னால் வரிசையாக வைத்தேன். அப்பாவிடம்கூடச் சொல்லவில்லை. பெரிய கெட்டிக்காரி என்று எனக்கு நினைப்பு.

பெட்ரோலின் நிறம் உனக்குத் தெரியுமே, ஆரஞ்சு. பாட்டிலும் ஆரஞ்சு கூல்டிரிங்க்ஸ் பாட்டில். திருவிழாவுக்கு மட்டும் வாங்கிக் கொடுக்கிற சாமான் ஆறு பாட்டில் வீட்டுக்குள் இருந்தால் ஐந்து வயசுப் பிள்ளை சும்மா இருக்குமா? மறுநாள் சாயந்திரம் நான் வேலை முடிந்து வரும்போது நீ வாசலில் குந்திக்கொண்டு இருமிக்கொண்டிருந்தாய். வாயில் நாற்றம். அப்பா கொட்டகையில் பால் கறந்துகொண்டிருந்தார், உன் இருமல் அவர் காதில் விழவில்லை. நான் செய்த இரண்டாவது தப்பு அங்கேதான். உப்புத் தண்ணீரைக் கரைத்து உன் வாயில் ஊற்றி வாந்தி எடுக்க வைத்தேன். அப்போதுதான் பெட்ரோல் நுரையீரலுக்குள் போய்விட்டது. பெரியாஸ்பத்திரியில் அந்த டாக்டரம்மா, “வாந்தி எடுக்க வெச்சது யாரு?” என்று கேட்டார்கள். நான் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அடுத்த நாள் காலையில் உன் அத்தை வந்துவிட்டார்கள். வார்டு வராந்தாவில் நின்று, “பாட்டிலு எப்டிடா வூட்டுக்கு வந்துது?” என்று கேட்டார்கள். கேட்டது அப்பாவை, பார்த்தது என்னை. உண்மையைச் சொன்னால் என் வேலை அன்றைக்கே போயிருக்கும். அதைவிட, பிள்ளையைக் கொல்லப் பார்த்தவள் என்கிற பேர் வந்திருக்கும். நான் அப்பா முகத்தைப் பார்த்தேன். கண்ணு, நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை, கண்ணால்கூடக் கெஞ்சவில்லை, பயத்தில் பார்த்தேன், அவ்வளவுதான். அவர், “நான்தான்க்கா வெச்சேன். வண்டிக்கு” என்றார். அத்தை அவரைக் கன்னத்தில் அறைந்தார்கள். அத்தனை பேர் முன்னால். அவர் கன்னத்தைத் தடவிக்கொண்டு உன் கட்டில் பக்கம் போய் நின்றார்.

வேலைநிறுத்தம் நடக்கவே இல்லை. நீ ஆஸ்பத்திரியில் கிடந்த அன்றைக்கே லாரி எப்போதும் போல வந்து தொட்டியை நிரப்பிவிட்டுப் போனது. மீதி ஐந்து பாட்டிலை அப்பா எங்கே கொண்டு போய் ஊற்றினார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

நீ பிழைத்து வந்தாய், அதுவே போதும் என்று இருந்தேன். சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தேன். நீ பதினொன்றாவது படிக்கும்போது ஓட்டப் பந்தயத்தில் மூச்சு வாங்கிப் பாதியில் உட்கார்ந்துவிட்டு வீட்டுக்கு வந்தாயே, அன்றைக்காவது சொல்லியிருக்க வேண்டும். அப்பா மாட்டுக்குத் தவிடு கலந்துகொண்டிருந்தார். “எல்லாம் உன்னாலதான், நீ ஒரு அப்பனா” என்று கேட்டாய். அவர் நிமிரவில்லை. கையை மட்டும் வாளிக்குள் சுற்றிக்கொண்டே இருந்தார். அதற்கு முந்தின வருஷம்தான் அந்தக் கையால் ஊருக்கே பெட்ரோல் எடுத்துக் கொடுத்திருந்தார். நான் அடுப்படி வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன், உள்ளே போய்விட்டேன். அன்றிலிருந்து நீ அவரோடு சரியாகப் பேசுவதில்லை. போன் பண்ணினால் “அம்மா கிட்ட குடு” என்பதோடு சரி. அவரும் உடனே கொடுத்துவிடுகிறார். பாட்டில் விஷயம் என்னால் தவறி நடந்தது என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொள்ள முடிகிறது. இதற்கு என்ன சமாதானம் சொல்வது? இது நான் தெரிந்தே செய்தது.

இதையெல்லாம் வேப்பமரத்தடியில் ரேவதியிடம் சொன்னேன். உன்னிடம் சொல்வதற்கு முன்னால் அவளிடம் சொன்னது தப்புதான். ஆனால் அவள் நின்ற நிலையில் சொல்லாமல் இருக்க முடியவில்லை. திட்டுவாள் என்று நினைத்தேன். “அவருக்கு இது தெரியாதா அத்த?” என்றாள். தெரியாது என்றேன். “அப்ப மொதல்ல அவருக்குச் சொல்லுங்க. இத மனசுல வெச்சிக்கினு என்னால உங்க வூட்டுக்கு வர முடியாது” என்றாள். ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு, “மாசக் கடைசி வரைக்கும் எங்க வூட்ல கல்யாணப் பேச்ச எடுக்காம பாத்துக்கறேன். அதுக்கு மேல முடியாது” என்று சொல்லிவிட்டுப் போனாள். நல்ல பெண், கண்ணு. எனக்குப் பிடித்திருக்கிறது. என்னைக் கொஞ்சம் பயமுறுத்தவும் செய்கிறாள், அதுவும் பிடித்திருக்கிறது.

நேற்று அப்பாவிடம் சொன்னேன், உனக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன் என்று. கோபப்படுவார் என்று பார்த்தால், “இன்னாத்துக்கு இப்ப அதெல்லாம்? கொயந்த அங்க தனியா கீது, படிச்சிட்டு மனசு ஒடிஞ்சி பூடும்” என்றார். உனக்கு இருபத்தொன்பது வயசு ஆகிறது. ரேவதி சொன்னதை, அந்த ரத்தம் என்று நீ சொன்னாயே அதை, நான் அவரிடம் சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன்.

நீ பயப்படுகிற காலம் வரலாம். லாரி நிற்கலாம், உன் பாக்டரியும் மூடலாம், நான் இல்லை என்று சொல்லவில்லை. அப்போது நீ என்னை மாதிரி நடந்துகொண்டால்தான் ஆபத்து. பயந்து, யாருக்கும் தெரியாமல் ஒளித்து வைத்து, பிறகு வாயை மூடிக்கொண்டு இருந்தவள் நான். என்னிடமிருந்தும் உனக்குப் பாதி ரத்தம் வந்திருக்கிறது, அதைப் பார்த்து நட. அவரிடமிருந்து வந்த பாதியைப் பார்த்துப் பயப்படாதே.

மாசக் கடைசிக்கு இன்னும் பதினொரு நாள் இருக்கிறது. என்மேல் கோபம் இருந்தால் என்னோடு பேச வேண்டாம், வருஷக் கணக்கில் வேண்டுமானாலும் பேசாமல் இரு, நான் தாங்கிக்கொள்வேன். அந்தப் பெண்ணிடம் வேண்டாம் என்று சொல்வதானாலும் சொல், அது உன் வாழ்க்கை. உலகத்தைக் காரணம் சொல், என்னைக்கூடச் சொல், “எங்கம்மா இப்படிப்பட்டவ” என்று சொல். அப்பா மாதிரி ஆகிவிடுவேன் என்று மட்டும் சொல்லாதே, கண்ணு. அவர் மாதிரி ஆவது அத்தனை சுலபம் இல்லை.

அம்மா